பிள்ளையார்பாளையத்து ஜார்ஜியா

தலைவர், செயலாளர், பொருளாளர், போஸ்டர் ஒட்டும் தொண்டர் எல்லாம் ஒரே ஆளாக இருந்து, கடைசிவரை கோஷ்டிச் சண்டையே வராத ரசிகர் மன்றம் உலகத்திலேயே ஒன்றுதான். அது காஞ்சிபுரம் பிள்ளையார்பாளையத்தில், எங்கள் தெருவில் இருந்தது. அந்த ஒரே ஆளை நாங்கள் 'ஜார்ஜியா' என்று கூப்பிடுவோம்.

பட்டு நூலுக்குச் சாயம் போடுவது அவர் தொழில். அறுபதுகளில் யாரோ, தமிழில் வந்துகொண்டிருந்த ருஷ்யப் பத்திரிகையிலிருந்து கிழித்த வண்ணப் படத்தைக் கொடுத்து, அதில் ஒரு நடிகை போர்த்தியிருந்த சால்வையின் சிவப்பு வேண்டும் என்றாராம். சிவப்பு மறுநாளே வந்துவிட்டது. நடிகைதான் அவர் மனதைவிட்டுப் போகவில்லை. படத்தின் கீழே தமிழில் நாலு வரி: ஜார்ஜியாவில் மலைக் கிராமத்தில் பிறந்தார், கதாநாயகியானார், யுத்தத்தில் கணவரை இழந்தார், மறுபடி நடிக்கிறார். இந்த நாலு வரியை ஜார்ஜியா ராத்திரி முழுக்கக் கண்கலங்கச் சொல்லுவார்.

"ருஷ்யாக்காரிக்கு இவ்ளோ அலட்டலா?" என்று ஒருநாள் வாயைக் கொடுத்தேன்.

"ஜார்ஜியா வேறபா. காஞ்சிபுரத்த ஆந்திரான்னா நீ ஒத்துக்குவியா?"

அந்த அம்மாவுக்காகக் கோயிலில் அர்ச்சனையும் செய்வார். குருக்கள் நட்சத்திரம் கேட்டால், "தெரியாது சாமி, என்னுதையே சொல்லிடு" என்பார். இதனால் ஜார்ஜியாவில் ஒருத்தி ரேவதி நட்சத்திரத்தில் க்ஷேமமாக இருந்துகொண்டிருந்தாள்.

இவ்வளவு இருந்தும் ஒரே ஒரு குறை. அந்த அம்மா நடந்தோ சிரித்தோ அவர் பார்த்ததே இல்லை. ஒருதடவையாவது பார்த்துவிட வேண்டும் என்று கங்கணம் கட்டிக்கொண்டார். மெட்ராசில் ஒரு சங்கம் ருஷ்யப் படங்களை இனாமாகக் கொடுப்பதாகக் கேள்விப்பட்டு, நடையாய் நடந்து அவள் நடித்த படம் ஒன்றைப் பிடித்தார். கொட்டகை முதலாளி மாட்டேன் என்றார். ஜார்ஜியா தினமும் போய், சாயம் காயாத கையால் அவர் கையைப் பிடித்துக் கெஞ்சினார். முதலாளியின் வெள்ளைச் சட்டைகள் எல்லாம் அரக்கும் மயில்கழுத்துப் பச்சையுமாக ஆனபிறகு, ஒரே ஒரு காலை ஆட்டத்துக்குச் சம்மதம் கிடைத்தது. "ஜனங்க எழுந்து போனா பாதியில நிறுத்திடுவேன்" என்று நிபந்தனை வேறு.

தறிகள் ஓயும் அமாவாசையன்று கொட்டகை நிரம்பியது. படத்தில் டிராக்டர் வந்தது, இளம்பெண்கள் பாடினார்கள், அந்த அம்மாவை மட்டும் காணவில்லை. இடைவேளையும் போனது.

"வருவாங்களா மாட்டாங்களா?"

"வந்துக்கினே இருக்காங்கபா, உக்காரு."

கூட்டம் எழுந்துவிட்டது. ஜார்ஜியா ஓடிப்போய் வாசலை மறித்து, கைகூப்பிக் கெஞ்சினார். அப்போதுதான் திரையில் ஒரு கிழவி வந்தாள். போருக்குப் போகும் மகனுக்கு ரொட்டி கொடுத்துவிட்டு, கொஞ்ச தூரம் கூடவே நடந்தாள். தலை நரைத்திருந்தது. ஆனால் தெருவெல்லாம் அவர் போஸ்டராக ஒட்டிய முகம் எங்களுக்குத் தெரியாதா? "ஜார்ஜியா, திரும்பு" என்று கொட்டகையே கத்தியது. அவர் திரும்புவதற்குள் காட்சி முடிந்துவிட்டது.

வெளியே போக இருந்த கூட்டம் அப்படியே நின்றது. தரை டிக்கெட்டிலிருந்து முதலில் ஒரு விசில், பிறகு எல்லாரும் 'ஒன்ஸ்மோர்'. முதலாளியே ஆபரேட்டருக்குக் கைகாட்டினார். சுருள் திரும்பச் சுற்றிப் போடப்பட்டது. ஜார்ஜியாவை இழுத்துவந்து முன்வரிசையில் உட்காரவைத்தோம். கண்கொட்டாமல் பார்த்தார்.

"வயசாயிடிச்சி," என்றார் கடைசியில். "நடை எவ்ளோ அழகா இருக்குது பாத்தியாபா."

நானும் பல வருஷமாக எழுதிக்கொண்டிருக்கிறேன். அவரைப் போல ஒரே ஒரு ரசிகர் எங்கேயாவது எனக்கும் இருந்தால் போதும்.