மஞ்சள் துணியில் மாமாவின் துப்பாக்கி

சட்டம் தெரியாதவனைப் போலீஸ்காரர் ஒரு அதட்டு அதட்டி அனுப்பிவிடுவார். முழுதாகத் தெரிந்தவன் மாட்டவே மாட்டான். பாதி தெரிந்தவன்தான் வீட்டுக்கும் ஊருக்கும் ஆபத்து. இருபத்திரண்டு வயதில் நான் அந்தப் பாதி தெரிந்தவனாக இருந்தேன். இவ்வளவு வயதான பிறகு அதை ஒப்புக்கொள்வதில் எனக்கு வெட்கம் ஒன்றுமில்லை.

யுத்தம் வருவதற்குச் சற்று முந்தைய காலம். திண்டிவனத்தில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருந்தேன். அவர் சொல்வதை நகல் எடுப்பதும், அவருடைய தடித்தடிப் புத்தகங்களைத் தூசி தட்டுவதும் என் வேலை. தட்டும்போது எந்தப் பக்கம் திறக்கிறதோ அதை மட்டும் படிப்பேன். அந்தப் படிப்பை வைத்துக்கொண்டு ஊரில் மாடு முட்டிக்கொண்டால்கூட செக்‌ஷன் சொல்வேன். (சொன்னதில் பாதிக்கு மேல் தப்பு. யாரும் சரிபார்க்காததால் பிழைத்தேன்.)

என் அம்மாவின் தம்பி, அதாவது மாமா, விழுப்புரத்தை அடுத்த திருவாமாத்தூரில் பயிர் செய்துகொண்டிருந்தார். மல்லாட்டை என்கிற வேர்க்கடலைக் கொல்லையில் பன்றி இறங்காமல் காக்க அவரிடம் லைசென்சோடு ஒரு துப்பாக்கி உண்டு. குழாயின் வாயில் வெடிமருந்தைக் கொட்டிக் கெட்டிக்கும் பழைய ரகம். அந்தப் பங்குனியில் அதன் குதிரை உடைந்துபோயிற்று. குதிரை என்பது மேலிருந்து விழுந்தடித்து மருந்தைப் பற்றவைக்கும் இரும்பு. அது உடைந்ததால் கெட்டித்த மருந்து வெடிக்காமல் உள்ளேயே தங்கிவிட்டது. மாத முடிவில் துப்பாக்கியைத் தாலுக்கா கச்சேரியில் காட்டி லைசென்சைப் புதுப்பிக்க வேண்டும். பாண்டிச்சேரியில் பட்டாளத்திலிருந்து ஓய்வு பெற்ற ஒருவர் இதையெல்லாம் ஒரே நாளில் சரிசெய்து தருவார் என்று கேள்வி.

பாண்டிச்சேரி அப்போது அயல் தேசம். துப்பாக்கியை இங்கிருந்து வெளியே கொண்டுபோக நம் சர்க்காரின் அனுமதி வேண்டும். அங்கே உள்ளே கொண்டுபோகப் பிரெஞ்சு சர்க்காரின் அனுமதி வேண்டும். லைசென்சுக்காரர்தான் தூக்கிப் போகவும் வேண்டும். இரண்டு காகிதமும் கைக்கு வர மாதக்கணக்கில் ஆகும். மாமா தலையில் கைவைத்து உட்கார்ந்திருந்தார். நான் வாயைத் திறந்தேன்.

"குதிரையைக் கழட்டிட்டா அது துப்பாக்கியே இல்ல மாமா. வெறும் குழா. குழா எடுத்துக்கினு போகக் கூடாதுன்னு எந்தச் சட்டத்துலயும் கிடையாது."

துப்பாக்கியின் பாகங்களும் துப்பாக்கியே என்று அதே சட்டம் தெளிவாகச் சொல்லியிருந்தது. ஆனால் அது அடுத்த பக்கத்தில் இருந்தது. குதிரையை மட்டும் எடுத்துப் போயிருக்கலாமே என்று நீங்கள் கேட்கலாம். மாமாவும் பிறகு கேட்டார். என்னைத் தவிர எல்லாருக்கும் அது தோன்றியிருக்கிறது.

என் பேச்சை நம்பி மாமா துப்பாக்கியைக் கொடுத்தார். நெருப்புப் பக்கம் கொண்டுபோகாதே என்று மூன்று முறை சொன்னார். பிடிபட்டால் லைசென்சும் போகும், அவரும் உள்ளே போவார். வீட்டில் மூன்று பெண் குழந்தைகள். அது எனக்குத் தெரிந்தேயிருந்தது. தெரிந்தும் என் மூளையில் உதித்த யோசனையை நினைத்து நானே பூரித்துப்போயிருந்தேன். அத்தையின் மஞ்சள் துணி ஒன்றை எடுத்துத் துப்பாக்கியை மேலிருந்து கீழ்வரை சுற்றினேன். குழாய் வாயில் ஒரு கொத்து வேப்பிலை செருகினேன். யாராவது கேட்டால் அம்மன் கோயில் சூலம் என்று சொல்லிவிடலாம். எந்தச் சுங்கச்சாவடிக்காரன் அம்மனை அவிழ்த்துப் பார்ப்பான்? குதிரை மட்டும் புளிச்சோற்று மூட்டைக்குள் இருந்தது.

ரயிலில் போனால் எல்லையில் சோதனை போடுவார்கள் என்று வளவனூரிலேயே இறங்கிக் கொல்லை வழியாக நடந்தேன். அந்தப் பக்கத்து நிலவரம் தெரியாதவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். எல்லை என்றால் ஒரு கோடு என்று நினைத்துவிடக் கூடாது. நாலு ஊர் பிரெஞ்சு, நடுவில் இரண்டு ஊர் இங்கிலீஷ், மறுபடியும் பிரெஞ்சு என்று தேசம் துண்டு துண்டாகக் கிடந்தது. ஒரு வரப்பில் ஒரு ராஜாங்கத்துக்குக் குற்றவாளியாக இருந்தேன், அடுத்த வரப்பில் இன்னொரு ராஜாங்கத்துக்கு. பனைமரத்தடியில் தனியாக நின்ற ஒருவரிடம் இது யாருடைய எல்லை என்று கேட்டேன். அவர் என் தோளில் இருந்த மஞ்சள் துணியைப் பார்த்தார். துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு கைகூப்பினார்.

எனக்கு உள்ளூரப் பெருமை. வேஷம் பலித்துவிட்டது. கொஞ்ச தூரம் போய்த் திரும்பிப் பார்த்தேன். அவர் ஐம்பதடி பின்னால் வந்துகொண்டிருந்தார்.

நான் நின்றேன். அவரும் நின்றார். நடந்தேன், நடந்தார். உச்சி வெயில். காக்கை கத்தவில்லை, ஏற்றம் இறைக்கும் சத்தம் எங்கும் இல்லை. அடுத்த முறை திரும்பியபோது மூன்று பேர். அதற்கடுத்த முறை ஏழு பேர், அதில் ஒரு கிழவி ஈரப் புடவையோடு. ஒருவரும் பேசவில்லை. அவர்கள் காலடிச் சத்தம்கூட எனக்குக் கேட்கவில்லை. பிரெஞ்சு சர்க்காரின் ரகசியப் போலீஸ் என்று முதலில் நினைத்தேன். (ஈரப் புடவைக் கிழவியையும் சேர்த்துத்தான்.) பதினொரு பேர் ஆனதும் திரும்பிப் பார்ப்பதை நிறுத்திவிட்டேன். வேகமாக நடந்து, கண்ணில் பட்ட ஒரு ஊருக்குள் நுழைந்தேன்.

நுழைந்த பிறகுதான் புரிந்தது. தெருவில் ஒரு ஆள் இல்லை. எல்லாக் கதவும் சாத்தியிருந்தது, ஒவ்வொரு கதவிலும் வேப்பிலைக் கொத்து. எந்த வீட்டிலும் கடுகு தாளிக்கும் வாசனை இல்லை. ஒரு நாய் என்னைப் பார்த்துவிட்டுக் குரைக்காமல் தலையைக் கவிழ்த்துக்கொண்டது. ஊருக்கே அம்மை வார்த்திருந்தது. வேப்பிலையும் மஞ்சள் துணியுமாக நான் நேரே அதற்குள் போய் நின்றிருந்தேன்.

திறந்திருந்த ஒரே வீட்டு வாசலில் ஒரு பெண் நின்றிருந்தாள். முப்பது வயதுக்குள் இருக்கும். அவள் பெயர் அஞ்சலை என்று பிறகு தெரிந்தது. ஒன்றும் கேட்காமல் என் காலில் மஞ்சள் தண்ணீர் ஊற்றினாள். உள்ளே வேப்பிலைப் படுக்கையில் ஆறு வயதுப் பெண் குழந்தை ஒன்று, முகம் தெரியாதபடி முத்துப் போட்டுக் கிடந்தது. என் தோள் வலித்துக்கொண்டிருந்தது. யோசிக்காமல் துப்பாக்கியை இறக்கி மூலையில் சாய்த்தேன்.

தெருமுனையில் நின்ற பதினொரு பேரும் ஒரே நேரத்தில் தரையில் விழுந்து கும்பிட்டார்கள். கிழவி மட்டும் எழுந்து சொன்னாள்.

"ஆத்தா எறங்கிட்டா. மூணாந் தண்ணி ஊத்தற வரைக்கும் சூலத்த எடுக்கக் கூடாது. கொண்டாந்தவரும் வாசப்படி தாண்டி ஊர உட்டுப் போகக் கூடாது."

மூன்றாம் தண்ணீர் என்பது அம்மை இறங்கிய பின் தலைக்கு ஊற்றும் கடைசித் தண்ணீர். எத்தனை நாள் என்று கேட்டேன். அது ஆத்தாளுக்குத்தான் தெரியும் என்றாள். மாத முடிவுக்குப் பத்து நாள் இருந்தது.

அன்றிலிருந்து நான் சூலத்தின் பூசாரி. சின்ன வயதில் பள்ளிக்கூடத்தில் அம்மை குத்தியிருந்ததால் அம்மையைப் பற்றிப் பயமில்லை. பயமெல்லாம் கற்பூரத்தைப் பற்றித்தான். அஞ்சலை காலையும் மாலையும் கற்பூரத்தட்டை ஏந்திக்கொண்டு மூலைக்கு வருவாள். துப்பாக்கிக்குள் மருந்து இருந்தது. குதிரை கழற்றிய இடத்தில் பொறி நுழைகிற ஓட்டை திறந்து கிடந்தது. குழாயின் வாய் சாய்ந்திருந்ததோ குழந்தையின் பக்கம். "இந்தச் சூலத்துக்குக் கற்பூரம் ஆகாது" என்று முதல் நாள் சொன்னேன். விளக்கும் ஆகாது, ஊதுவத்தியும் ஆகாது என்று மறுநாள் சேர்த்தேன். ஒரு அம்மனுக்கு இத்தனை ஆகாதவை உண்டா என்பதுபோல அவள் என்னைப் பார்ப்பாள். தட்டை வாசலிலேயே வைத்துவிடுவாள். துப்பாக்கியை வேறு பக்கம் திருப்பலாம் என்றால், இறக்கிய பிறகு தொடக் கூடாதாம். பதினொரு பேரும் எதிர்ப்புறப் புளியமரத்தடியில் உட்கார்ந்து வாசலையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

இரண்டாம் நாள் வேப்பிலை வாடி உதிர்ந்து குழாயின் வாய் தெரிந்தது. ஜுரத்தில் கிடந்த குழந்தை திடீரென்று அந்த மூலையைக் காட்டி, "அது என்னியே பாக்குது" என்றது. பகல் பன்னிரண்டு மணி.

மூன்றாம் நாள் துப்பாக்கி வியர்த்தது. மிகைப்படுத்தவில்லை. மஞ்சள் துணி நடுவில் நனைந்து, சொட்டுச் சொட்டாக மஞ்சள் நீர் இறங்கித் தரையில் தேங்கியிருந்தது. தரையைத் துடைத்தேன். மறுநாள் மறுபடியும் வியர்த்தது. புளியமரத்தடியில் ஒன்பது பேர்தான் இருந்தார்கள். மற்ற இரண்டு பேர் வீட்டிலும் அம்மை இறங்கிவிட்டதாம். சட்டத்தில் பொய் சொன்னால் என்ன தண்டனை என்று எனக்குத் தெரியும், அல்லது தெரிந்ததாக நினைப்பேன். சாமி விஷயத்தில் பொய் சொன்னால் என்ன தண்டனை என்பது எந்தப் புத்தகத்திலும் திறந்ததில்லை. அந்த ஈரத்தைப் பார்க்கப் பார்க்க, நான் சுற்றிய துணிக்குள் இப்போது துப்பாக்கிதான் இருக்கிறதா என்றே எனக்குச் சந்தேகம் வந்துவிட்டது.

ஐந்தாம் நாள் காலை அஞ்சலை தூக்கக் கலக்கத்தில் கற்பூரத்தட்டோடு உள்ளேயே வந்துவிட்டாள். தூங்கி எத்தனை நாளாயிற்றோ, கண் இரண்டும் செக்கச்செவேல் என்றிருந்தது. தட்டு சாய்ந்தது. நான் பாய்ந்து அதைத் தட்டிவிட்டு, அவள் காலடியிலேயே உட்கார்ந்துவிட்டேன். அழுகை வந்துவிட்டது. மாமா ஜெயிலுக்குப் போனாலும் போகட்டும், குழந்தை சாகக் கூடாது என்று அந்த நிமிஷம் மனதார நினைத்தேன்.

"அக்கா, அது சூலமில்ல. துப்பாக்கி. உள்ள மருந்து கெட்டிச்சிருக்கு. நெருப்பு பட்டா வெடிச்சிரும்."

அவள் உருண்ட கற்பூரத்தை மிதித்து அணைத்தாள். முகத்தில் ஒரு ஆச்சரியமும் இல்லை.

"தெரியும் தம்பி. எங்க ஊட்டுக்காரரு சைகோன்ல பிரெஞ்சுப் பட்டாளத்துல சொல்தாவா இருக்காரு. துப்பாக்கிக்குப் போடற அந்த எண்ண வாட எனக்குத் தெரியாதா? நீ வந்த அன்னிக்கே, குளிக்க நீ கொளத்துக்குப் போயிருந்தப்ப, கொழால ஒரு சொம்பு மஞ்சத் தண்ணி ஊத்திட்டேன். தெனமும் ஊத்தறேன். அது இனிமே எங்க வெடிக்கிறது."

ஐந்து நாள் நான் செத்துச் செத்துப் பிழைத்தது எதற்கு என்று எனக்கு விளங்கவில்லை. தெரிந்துகொண்டா சும்மா இருந்தீர்கள், அன்றைக்கே சொல்லியிருக்கலாமே என்று கேட்டேன்.

"துப்பாக்கின்னு சொல்லியிருந்தா தூக்கிக்கினு ஓடியிருப்ப. சாமின்னா குந்திக்கினு இருப்ப. ஊருல ஒருத்தரும் எட்டிப் பாக்கல தம்பி. தனியா விசிறி விசிறி என்னால முடியல. எனக்கு ஒரு ஆளு வேணும். இப்ப போறதுன்னா போ. அவங்க கேட்டா நான் சொல்லிக்கிறேன்."

சொல்லிக்கொண்டே வேப்பிலைக் கொத்தை என் கையில் கொடுத்தாள். சுவரில் சாய்ந்தாள். அடுத்த நொடி தூங்கிவிட்டாள். குழந்தை முனகியது. துப்பாக்கி மூலையில் இருந்தது, கதவு திறந்திருந்தது, வாசலில் தடுப்பார் இல்லை. போகத்தான் எழுந்தேன். கொத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. குழந்தையின் முகத்தில் ஈ உட்கார வந்தது. விசிற ஆரம்பித்தேன். அவள் சாயங்காலம்தான் எழுந்தாள்.

ஒன்பதாம் நாள் மூன்றாம் தண்ணீர் ஊற்றினார்கள். குழந்தை எழுந்து உட்கார்ந்து கேப்பைக் கூழ் கேட்டது. முகமெல்லாம் தழும்பு, ஆனால் கண் இரண்டும் பிழைத்துவிட்டது. நான் துப்பாக்கியைத் தூக்கிக்கொண்டு வந்த வழியே திரும்பினேன். புளியமரத்தடியில் இருந்தவர்கள் விழுந்து கும்பிட்டார்கள். அவர்களை நிமிர்ந்து பார்க்க எனக்கு முகமில்லை. பாண்டிச்சேரிக்கு நான் போகவே இல்லை.

மறுநாள் மாமா கச்சேரிக்குப் போனார். அதிகாரி குழாய்க்குள் எட்டிப் பார்த்துவிட்டு, உள்ளே ஏன் மஞ்சளாக இருக்கிறது என்று கேட்டாராம். பூஜை போட்டோம் என்றாராம் மாமா. குதிரை உடைந்திருந்ததை அவர் கவனிக்கவே இல்லையாம்; லைசென்சு கிடைத்தது. துப்பாக்கி உள்ளே துருப்பிடித்துவிட்டது. ஆத்தா ஒன்பது நாள் உட்கார்ந்த துப்பாக்கியால் பன்றி சுடக் கூடாது என்று அத்தையும் சொல்லிவிட்டாள். அந்த வருஷத்து மல்லாட்டை பன்றிகளுக்கு.

என் சட்ட ஞானத்தை வீட்டில் அதோடு மூட்டை கட்டி வைத்தார்கள். இன்றைக்கும் சொந்தக்காரர் வீட்டில் யாராவது ஜுரமாகப் படுத்தால் என்னைக் கூப்பிட ஆள் வந்துவிடும். "அவரக் கூப்ட்டு உக்கார வைங்க. பயந்தவரு, எழுந்து போக மாட்டாரு" என்று சொல்லிச் சிரிப்பார்கள். மாமாவின் மூன்று பெண்களும்தான் இதில் முதல் ஆட்கள். நானும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டு, விசிறியை எடுத்துக்கொண்டு போய் உட்காருகிறேன்.