கோட்டை, ஏரி, என் தலைமுடி

உயிருள்ளவரை என் தலைமுடியை யாருக்கும் விட்டுக்கொடுப்பதில்லை என்று போன தை மாதம் ஒரு வீர சபதம் எடுத்தேன். சிரிக்காதீர்கள். ஐம்பத்திரண்டு வயதில் தலை நிறைய முடியோடு இருப்பவனுக்குத்தான் அந்த வேதனை புரியும்.

என் பெயர் தணிகாசலம். ஊர் திருப்பதிக்குப் பக்கத்துப் புத்தூர். ஸ்ரீசிட்டியில் ஒரு கம்பெனியில் ஸ்டோர்ஸ் சூப்பர்வைசர். என் வயதுக்காரர்கள் நாலு பேர் அங்கே வெயிலில் சேர்ந்து நின்றால் எதிரே வருகிற லாரி டிரைவருக்குக் கண் கூசும். எனக்கு மட்டும் நெற்றியிலிருந்து பிடரி வரை ஒரு குறையும் இல்லை. நிறத்துக்கு மாதம் ஒரு பாக்கெட் உதவி செய்கிறது. அது எனக்கும் மெடிக்கல் ஷாப்காரருக்கும் இடையே உள்ள விவகாரம், நீங்கள் தலையிடாதீர்கள்.

இந்த முடிக்கு ஆபத்து வீட்டுக்குள்ளிருந்தே வந்தது. எங்கள் பக்கத்து வழக்கம் அப்படி. வேண்டிக்கொள்வது பெண்கள். தலையைக் கொடுப்பது ஆண்கள். போர்வெல்லில் தண்ணீர் வர வேண்டுமா? வீட்டுக்காரருக்கு மொட்டை. எருமை நல்லபடியாகக் கன்று ஈன வேண்டுமா? வீட்டுக்காரருக்கு மொட்டை. எருமைக்கு ஒரு செலவும் கிடையாது. வெளியூர்க்காரனாவது ரயிலில் இடம் கிடைக்கவில்லை என்று வருஷக்கணக்கில் ஓட்டலாம். எங்களுக்கு வீட்டு வாசலிலேயே திருப்பதி பஸ் நிற்கிறது.

என் மனைவி தேவயானி, எங்கள் மகள் அக்ஷயாவுக்கு பேங்கில் வேலை கிடைத்தால் என் தலையைத் தருவதாக ஏழுமலையானிடம் சொல்லிவிட்டாள். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. வேலையும் கிடைத்தது. அக்ஷயா டிரெய்னிங்குக்கு ஐதராபாத் போனாள். அன்றிலிருந்து தேவயானி என்னோடு பேசும்போது முகத்தைப் பார்ப்பதில்லை. அதற்கு நாலு விரல்கடை மேலே பார்த்துத்தான் பேசுவாள்.

நானும் சும்மா இருக்கவில்லை. முதலில் சளி என்றேன். பிறகு ஆபீசில் ஆடிட் என்றேன். அதன் பிறகு கழுத்துச் சுளுக்கு. சுளுக்குக்கும் மொட்டைக்கும் என்ன சம்பந்தம் என்றாள். குனிய முடியாதே என்றேன். கடைசியில் அவள் பொறுமை தீர்ந்துபோய், வருகிற ஞாயிற்றுக்கிழமை மலைக்குப் போகிறோம் என்று தீர்ப்பு சொல்லிவிட்டாள்.

அப்போதுதான் பக்கத்து வீட்டு கன்னிகா அக்கா எனக்குத் தெய்வமாக வந்தார். அமெரிக்காவில் இருக்கும் மகன் அவரை பெலீஸ் என்றொரு நாட்டுக்குச் சுற்றுலா கூட்டிப் போயிருக்கிறான். காலையில் மாயன்கள் கட்டிய பழைய கோயில், மதியம் சரணாலயக் காட்டுக்குள் ஆற்றில் படகு, எல்லாம் ஒரே நாளில், வழிகாட்டியோடு. அந்த ஒரு நாளை எங்கள் தெருவில் அவர் ஒரு மாதமாகச் சொல்லிக்கொண்டிருந்தார்.

"மொதலை, தேவயானி! படகாண்ட, நம்ம எருமைமாட்டம் படுத்துக்கினு கீது! நான் போட்டோ எடுத்தா அது வாயத் தொறந்து போஸ் குடுக்குது!"

தேவயானி பெருமூச்சு விட்டாள். அந்தப் பெருமூச்சில் எனக்கு வழி தெரிந்தது. அன்றே திருப்பதியில் ஒரு டிராவல்ஸைப் பிடித்தேன். சந்திரகிரிக் கோட்டை, பழவேற்காடு ஏரி, வழிகாட்டியுடன் ஒருநாள் சுற்றுலா. சாப்பாடு அவரவர் கொண்டுவர வேண்டும். எந்த நாள் சார் என்று கேட்டார்கள். கேட்கவே வேண்டாம், ஞாயிற்றுக்கிழமைதான்.

"தேவி, இடிஞ்ச கோட்டை பாக்கறதுக்கு பெலீஸ் போவணுமா? நம்மகிட்ட இல்லாத கோட்டையா? காலைல சந்திரகிரி, மத்தியானம் தடா பக்கம் ஏரில படகு. நீயும் நானும் மட்டும். டிக்கெட்டே போட்டுட்டேன்!"

"என்னிக்கு?"

"ஞாயித்துக்கெழம."

"அன்னிக்கி மலைக்குப் போறமே?"

"ஐயையோ! சுத்தமா மறந்து பூட்டனே! கேன்சல் பண்ண முடியாதுன்றானே தேவி!"

என் நடிப்புக்கு ஆந்திர அரசின் நந்தி விருதே கொடுக்கலாம். தேவயானி நாலு விரல்கடை மேலே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"சரிங்க, போலாம்," என்றாள்.

இருபத்தேழு வருஷக் குடித்தனத்தில் அவள் இவ்வளவு சீக்கிரம் சரி என்று சொன்னதே இல்லை. அங்கேயே நான் பயந்திருக்க வேண்டும். எனக்கோ சந்தோஷத்தில் புத்தி வேலை செய்யவில்லை.

ஞாயிற்றுக்கிழமை காலை ஒரு பெரிய பையை என் தோளில் மாட்டினாள். கனத்தது.

"இன்னா இது இவ்ளோ வெயிட்டு?"

"புளியோதரைங்க. ரெண்டு பேரும் துன்னணும் இல்ல."

ஊரே துன்னலாம் போல இருந்தது. வாயை மூடிக்கொண்டு சுமந்தேன்.

சந்திரகிரியில் வழிகாட்டி சுனில் எங்களை வரிசையில் நிறுத்தினார். நடுத்தர வயது, தொப்பி, மைக் இல்லாமலே மைக் வைத்தது போல் குரல்.

"இதி ராஜா மகால். அதி ராணி மகால். ராஜா மகால்ல மரமே போடல சார், மொத்தம் கல்லு, செங்கல், சுண்ணாம்பு!"

"பாத்தியா தேவி," என்றேன். "ராஜாவுது எவ்ளோ பெருசு, ராணியுது எவ்ளோ சின்னது. அந்தக் காலத்துல ஆம்பளைக்கு மரியாதை இருந்துச்சி."

"பெருக்கறதுக்கு சின்னதா இருந்தா தானே சுலபம். அந்தம்மா புத்திசாலி, சின்னதா வாங்கிக்கினு பெருச அவர் தலைல கட்டிட்டா."

சுற்றியிருந்த பெண்கள் சிரித்தார்கள். கோட்டைக்குப் பின்னாலேயே மலை நிற்கிறது. தேவயானி அந்தப் பக்கம் திரும்பி, பஸ்ஸே கேட்கும்படி கையெடுத்துக் கும்பிட்டாள்.

"ஏடுகொண்டலவாடா, வேலை குடுத்துட்ட. இந்த மனுசன் தலையத்தான் குடுக்கமாட்டேன்றாரு. நீயே பாத்துக்கோ."

எல்லோரும் என் தலையைப் பார்த்தார்கள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. ராத்திரியெல்லாம் யோசித்து வைத்திருந்த வாதத்தை எடுத்து வீசினேன்.

"வேண்டிக்கினது யாரு?"

"நானு."

"முடி யாருது?"

"உங்களுது."

"பக்கத்து வீட்டுக்காரன் நெலத்த நான் எழுதிக் குடுத்தா செல்லுமா? அந்த மாதிரிதான் இதுவும். யாருது முடியோ அவன் வாயால வேண்டிக்கணும். நானா, என் வாயால சொல்லிட்டா அன்னிக்கே போட்டுக்கறேன் மொட்டை. சொல்லாத வரைக்கும் சாமியே வந்து கேட்டாலும் குடுக்க மாட்டேன்!"

"கரெக்ட் பாயிண்ட் சார்!" என்று சுனில் தொப்பியைக் கழற்றினார். உள்ளே ஒன்றும் இல்லை. கூட்டத்தில் இருந்த கணவர்கள் எல்லோரும் கை தட்டினார்கள். அதிலும் வழுக்கைக்காரர்கள் தட்டியதுதான் பலம். "இது அப்பவே தெரியாம பூட்ச்சே," என்று ஒருவர் கண் கலங்கினார்.

தேவயானி அமைதியாகக் கேட்டாள். "அப்ப உங்க வாயால வரணும்?"

"ஆமா."

"வந்தா போட்டுக்குவீங்க?"

"இத்தனை பேர் சாட்சி!"

"சரிங்க," என்றாள். ஒரே வாரத்தில் இரண்டாவது சரி. நான் ஜெயித்த மயக்கத்தில் பஸ்ஸில் ஏறித் தூங்கிவிட்டேன். நாயுடுபேட்டை எப்போது வந்தது, எப்போது போனது என்றே தெரியாது.

விழித்தபோது எதிரே ஏரி. இந்தக் கரையிலிருந்து அந்தக் கரை தெரியவில்லை. எனக்கு நீச்சல் தெரியாது என்பது கூடப் பரவாயில்லை. பக்கெட்டில் தண்ணீர் நிறைந்திருந்தாலே யோசித்துத்தான் குளிப்பேன். அதனால் படகு விஷயத்தில் முன்பே ஒரு திட்டம் வைத்திருந்தேன்.

"நீ போய்ட்டு வா தேவி. நான் இங்க பையப் பாத்துக்கினு இருக்கேன்."

"நீங்க வரலன்னா நான் மட்டும் எதுக்குங்க? வாங்க, இப்பவே பஸ் புடிச்சா இருட்டறதுக்குள்ள மலை மேல இருக்கலாம்."

படகில் முதல் ஆளாக ஏறி உட்கார்ந்தவன் நான்தான்.

படகுக்காரர் பெயர் வெங்கடசாமி. தேவயானி அவரைத் தனியே கூப்பிட்டுத் தெலுங்கில் ஏதோ பேசினாள். அவர் என் பக்கம் பார்த்தார். பிறகு இரண்டு பேரும் சிரித்தார்கள்.

"இன்னா பேசின?"

"எறா என்னா வெலைன்னு கேட்டேங்க."

லைப் ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு, தேவயானியின் ஜாக்கெட்டின் வாரையும் பிடித்துக்கொண்டேன். படகு கிளம்பியது. கரை எறும்பளவு ஆனது. நடு ஏரியில் வெங்கடசாமி இன்ஜினை நிறுத்தினார். ஒரே நிசப்தம். என் இதயம் மட்டும் மோட்டார் வைத்த மாதிரி ஓடிக்கொண்டிருந்தது.

"அதோ பூநாரை!" என்று தேவயானி கத்தினாள். "ஆயிரம் இருக்குது! எல்லாரும் இந்தப் பக்கம் வாங்க, ரண்டி, ரண்டி!"

எல்லோரும் போனோடு எங்கள் பக்கம் பாய்ந்தார்கள். படகு சாய்ந்தது. தண்ணீர் என் முகத்துக்கு நேரே வந்து, நலமா என்று கேட்டது.

"தேவீ! கவுருது! படகு கவுருது!"

"ஐயோ, ஆமாங்க! சாமியக் கும்பிடுங்க!"

"ஏழுமலையானே, காப்பாத்து!"

"வெறுங்கையோட கேட்டா எப்படிங்க? எதனா சொல்லிக் கேளுங்க!"

"மூணு கத்திரி குடுத்துடறேன் சாமீ!"

மூணு கத்திரி என்பது பெண்கள் கொடுக்கும் காணிக்கை. நுனியில் மூன்று இடத்தில் கத்தரித்துவிட்டு அனுப்பிவிடுவார்கள். உயிர் போகிற நேரத்திலும் என் மூளை எப்படி வேலை செய்தது பாருங்கள். ஆனால் வெங்கடசாமி அந்த நேரம் பார்த்து கழியை ஒரு ஊன்று ஊன்றினார். படகு இன்னும் சாய்ந்தது.

"சாமி ஒத்துக்கலங்க! ஏத்தி சொல்லுங்க!"

"பின்னாடி பாதி!"

மறுபடி ஒரு ஊன்று.

"முழுசா! முழு மொட்டை! நானா, என் வாயால சொல்றேன், கரை சேத்துடு, மொட்டை போட்டுக்கறேன்!"

"கோவிந்தா!" என்றாள் தேவயானி.

"கோவிந்தா! கோவிந்தா!" என்றது படகு முழுக்க. காலையில் எனக்குக் கை தட்டிய கணவர்கள்தான் இப்போதும் எல்லோரையும் விட உரக்கக் கத்தினார்கள். துரோகிகள்.

வெங்கடசாமி லுங்கியை மடித்துக் கட்டிக்கொண்டு படகிலிருந்து குதித்தார். எங்களுக்காக உயிரைக் கொடுக்கிறாரே என்று கண்ணை இறுக்கி மூடிக்கொண்டேன். அழுகையே வந்துவிட்டது. மூழ்குகிற சத்தம் வரவில்லை. கண்ணைத் திறந்தேன். அவர் என் பக்கத்தில் ஏரியில் நின்றுகொண்டு, படகை ஒரு கையால் தள்ளியபடி, இன்னொரு கையால் காது குடைந்துகொண்டிருந்தார். தண்ணீர் அவர் முழங்காலைக்கூடத் தொடவில்லை.

"தேவி," என்றேன். "இவ்ளோதான் ஆழமா?"

"பூரா இப்படித்தாங்க. சத்தியவேட்டுலேர்ந்து லீவுக்கு இந்தக் கரையில எங்க மாமா வீட்டுக்கு வருவோம் இல்ல, நடந்து போயே எறா புடிப்போம். நீங்க எங்க ஊரப் பத்தி என்னிக்கு கேட்டீங்க?"

"ஆபத்தே இல்லாத எடத்துல வேண்டிக்கினது செல்லாது!"

"சாமிக்கு ஆழம் தெரியாதுன்றீங்களா?"

சுனில் தொப்பியை மாட்டிக்கொண்டு, "செல்லும் சார்," என்றார். காலையில் என் பக்கம் இருந்த ஒரே படித்த ஆள்.

கரையேறியதும் ஆத்திரத்தில் புளியோதரையாவது தின்னலாம் என்று பையைத் திறந்தேன். மேலே ஒரு சின்ன டப்பா புளியோதரை. அடியில் எனக்கு வேட்டி, துண்டு, அவளுக்கு மாற்றுப் புடவை. எல்லாவற்றுக்கும் கீழே, தலையில் பூசிக்கொள்ள ஒரு கிண்ணம் நிறைய அரைத்த சந்தனம். புத்தூரிலிருந்து இவ்வளவையும் சுமந்து வந்தவன் நான்.

சாயங்காலம் திருப்பதியில் இறங்கி அப்படியே மலை பஸ் ஏறினோம். மொட்டை போடும் கல்யாணக்கட்டையில் உட்கார்ந்தேன். தலையில் தண்ணீர் தெளித்தார்கள். சபதம், ஆடிட், சுளுக்கு, மாதாந்திர பாக்கெட், எல்லாம் என் மடியில் வந்து விழுந்தன. உண்மையைச் சொல்கிறேன், எனக்கு அழுகை வந்தது. தேவயானி சந்தனத்தைப் பூசினாள். அந்தக் குளிர்ச்சியும் மலைக்காற்றும் சேர்ந்து பட்டபோது ஏதோ ஒரு நிம்மதிகூட வந்தது. போகட்டும். அக்ஷயாவுக்காகத்தானே. மூன்று மாதத்தில் வளர்ந்துவிடும், இனி ஞாயிற்றுக்கிழமைகளில் பயமில்லாமல் தூங்கலாம்.

"சரி தேவி," என்றேன் பெருந்தன்மையாக. "உன் வேண்டுதல் தீந்துச்சி. இப்ப சந்தோசமா?"

அவள் கையில் மீதியிருந்த சந்தனத்தை என் காதோரம் துடைத்தாள்.

"இது படகுக்கு நீங்க வேண்டிக்கினதுங்க. அக்ஷயா வேலைக்கு நான் வேண்டிக்கினது அப்படியே இருக்குது, முடி வளரட்டும்."