டவுட் பாய் நம்பவில்லை

அறந்தாங்கியில் பிறந்து இன்றுவரை ஒருவரையும் நம்பாத ஒரே மனிதர் டவுட் பாய்தான். பஸ் ஸ்டாண்டு பக்கம் மொபைல் சர்வீஸ் கடை வைத்திருக்கிறார். நிஜப் பெயர் யாருக்கும் தெரியாது, கேட்டால், "எதுக்குக் கேக்குறீங்க?" என்பார். போன் தண்ணீரில் விழுந்துவிட்டது என்று போனால், "விழுந்துச்சா, போட்டீங்களா?" என்று விசாரணை நடக்கும்.

குவைத்துக்குக் கிளம்புவதற்கு முதல் நாள் நான் அவரிடம் மாட்டினேன். கல்யாணமான நாளிலிருந்து நானும் ஜெரினாவும் வீட்டுக் கம்ப்யூட்டரில் ஒரு கேமில் ஊர் கட்டி வருகிறோம். குளம், தெரு, சந்தை எல்லாம் உண்டு. நிஜத்தில் நாங்கள் வாடகை வீடு. அந்த ஊரையாவது கூட எடுத்துப் போகாவிட்டால் அங்கே பைத்தியம் பிடித்துவிடும் எனக்கு. கம்ப்யூட்டரைத் தூக்கிக்கொண்டு விமானம் ஏற முடியுமா? கையடக்கமான கேம் கருவி ஒன்று வாங்கியிருந்தேன், அதில் எங்கள் ஊரை ஏற்றித் தரச் சொல்லி நீட்டினேன்.

பாய் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "உள்ள இருக்கறது போன் சிப்புங்க. கம்ப்யூட்டர் கேம் பேசுறது இதுக்கு வெளங்காது."

"எமுலேட்டர்னு ஒரு ஆப் இருக்கு பாய். நடுவுல நின்னு மாத்திச் சொல்லும்."

அவர் முகம் கறுத்துவிட்டது. "நடுவுல ஒருத்தனா? சவூதியில அரபி தெரிஞ்ச ஒருத்தன்கிட்ட எனக்கு லீவு கேட்டுச் சொல்லச் சொன்னேன். அவன் அரபி முதலாளிகிட்ட, 'ஓவர்டைம் கேக்குறான்'னு சொல்லிட்டான். பெருநாளைக்கு ஊருக்கு வர வேண்டியவன் அன்னைக்கும் வேலை பாத்தேன்!"

கேமை ஓடவிட்டோம். திரை கருப்பாகவே இருந்தது. "பாத்தீங்களா, மாத்திச் சொல்லிட்டான்!" என்று சந்தோஷப்பட்டார். ஆனாலும் விடவில்லை. ஒரு செட்டிங்கை மாற்றுவார், திட்டுவார், இன்னொன்றை மாற்றுவார். அஸர் தொழுதுவிட்டு வந்தும் அதிலேயே உட்கார்ந்தார். பொழுது சாய்ந்து மஃரிப் நெருங்கும்போது திரையில் எங்கள் குளம் தெரிந்தது. எனக்குக் கண் கலங்கிவிட்டது.

பாய்க்கோ சந்தேகம் வந்துவிட்டது. "இது இங்கிட்டு ஓடல. எங்கிட்டோ ஒரு கம்ப்யூட்டர்ல ஓடுது, வைஃபைல வந்து காட்டுறான்."

வைஃபையை அணைத்தார். ஓடியது. பக்கத்துப் பிரியாணிக் கடையில் கழுவி வைத்த தேக்சாப் பாத்திரத்தை வாங்கி வந்து, சிக்னல் புகாதபடி கருவியை உள்ளே வைத்து மூடி, மேலே செங்கல்லும் வைத்துக் காதை ஒட்டினார். உள்ளே எங்கள் சந்தை இரைந்துகொண்டிருந்தது. பிரியாணி வாங்க வந்தவர் ஒருவர் பின்னால் நின்று, "மட்டனா பாய்?" என்றார்.

"இங்க ஓடும், அங்க போனதும் மாத்திருவான்" என்று சொல்லித்தான் கொடுத்தனுப்பினார்.

குவைத்தில் இறங்கிய அன்று மாலையே வீடியோ காலில் வந்துவிட்டார். "ஊரைக் காட்டுங்க." காட்டினேன். ஒவ்வொரு தெருவாக உற்றுப் பார்த்தார். பிறகு என் முகத்தைப் பார்த்தார்.

"சாப்பிட்டீங்களா?"

"சாப்பிட்டேன் பாய்."

"தட்டைக் காட்டுங்க."

காட்டுவதற்குத் தட்டு இல்லை. எழுந்து போய் ஒரு குபூஸ் ரொட்டியை எடுத்துக்கொண்டு வந்தேன். கடைசி வாயை விழுங்கும்வரை அவர் போனை வைக்கவில்லை. என்னை இந்த அளவுக்கு நம்பாத ஒரு மனிதர் ஊரில் இருக்கிறார் என்பது எனக்கு எவ்வளவு பெரிய ஆறுதல்!