பரவையில் நான் வாசித்த ஊமைக் கச்சேரி

நாற்பது வருஷமாகப் பிடில் வாசிக்கிறேன். தப்பான ஸ்வரம் ஒன்றுகூட விழாத கச்சேரி என்று என் வாழ்க்கையில் ஒன்றே ஒன்றுதான் உண்டு. அது மதுரைக்குப் பக்கத்தில் பரவை என்கிற ஊரில் நடந்தது. அன்றைக்குத் தப்பான ஸ்வரம் விழவில்லை. சரியான ஸ்வரமும் விழவில்லை. ஸ்வரம் என்று எதுவுமே விழவில்லை.

இரண்டாம் உலக யுத்தம் வருவதற்கு ஒன்றிரண்டு வருஷம் முந்திய சமாச்சாரம். எனக்கு இருபத்து நான்கு வயது. கொட்டாம்பட்டிப் பக்கம் நிலக்கடலை போடுகிற குடும்பத்தில் பிறந்து, படிக்க மதுரைக்கு வந்து, பக்கத்து வீட்டுப் பிடில் சத்தத்தில் மயங்கிப் படிப்பைக் கோட்டை விட்டவன் நான். பத்து வருஷம் கற்றுக்கொண்டு, பாடகர்களுக்குப் பக்கவாத்தியம் வாசித்து, அந்த வாரம் வெள்ளிக்கிழமை மதுரையில் என் முதல் தனிக் கச்சேரி. நோட்டீஸ் அச்சடித்தாகிவிட்டது. (அதில் ஒன்றை, என் பெயர் வெளியே தெரிகிற மாதிரி மடித்து ஜிப்பாப் பையில் வைத்துக்கொண்டு அலைந்தேன். தோள் வரை முடி, பட்டு ஜிப்பா, எதையும் அரைக் கண்ணால் பார்க்கிற பார்வை. அந்த ஆள் இன்று எதிரே வந்தால் நான் அடுத்த தெருவுக்குள் புகுந்துவிடுவேன்.)

அதே வாரத்தில்தான் அம்மா எனக்குப் பெண் பார்க்க ஏற்பாடு செய்தாள். பரவை கருப்பையா மாமா எங்களுக்குத் தூரத்து உறவு. அவர் மகள் பஞ்சவர்ணம். எல்லாம் பொருந்தியிருந்தது, மாமாவின் ஒரு சந்தேகத்தைத் தவிர.

"பிடில் வாசிக்காரு, சரி. வேலை என்ன பாக்காரு?" என்று அம்மாவிடம் கேட்டிருந்தார்.

எனக்குச் சுருக்கென்றது. ஊரைக் கூட்டி வாசித்துக் காட்டி அவர் வாயை அடைப்பது என்று, திங்கட்கிழமை பெட்டியும் கையுமாக அம்மாவோடு பரவையில் போய் இறங்கினேன்.

பிடில் பெட்டியை உள் அறையில் பத்திரமாக வைத்தார்கள். பந்தியில் உட்கார்ந்தவுடன் நான் பெருமையை அவிழ்த்துவிட்டேன்.

"வில்லுதான் மாமா உசுரு. அம்புட்டும் குதிரை முடி. ஒத்த ஒத்த முடியாப் பாத்துக் கட்டுனது. அதப் பெத்த பிள்ளை மாதிரிப் பாத்துக்கிறணும்."

கதவுக்குப் பின்னால் வளையல் சத்தம் கேட்டது. பஞ்சவர்ணம் சொக்கிப்போய்க் கேட்கிறாள் என்று நினைத்து, இன்னும் இரண்டு கரண்டி ரசம் வாங்கிக்கொண்டேன்.

மூன்று மணிக்குக் கூடம் நிறைந்தது. மாமாவின் பங்காளிகள், அக்கம்பக்கத்தார், வாசலில் கட்டியிருந்த ஒரு வெள்ளாடு. பெட்டியைத் திறந்து, தந்திகளை விரலால் தட்டிச் சுருதி சேர்த்தேன். பிறகு வில்லை எடுத்து, கண்ணை மூடி, தலையை ஒரு சிலுப்பு சிலுப்பி, நீளமாக இழுத்தேன்.

சத்தம் இல்லை.

காது அடைத்துவிட்டது என்று நினைத்தேன். (வெயிலில் பஸ்ஸில் வந்ததில் அப்படி ஆவது உண்டு.) மறுபடி இழுத்தேன். வில், தாமரை இலையில் தண்ணீர் ஓடுகிற மாதிரி தந்திமேல் வழுக்கிக்கொண்டு போனது. பலம் கொடுத்தேன். வேகம் கொடுத்தேன். வியர்வை மூக்கு நுனியிலிருந்து சொட்டியது. கூட்டம் மரியாதையாகக் காத்திருந்தது. ஒரு பெரியவர் தாளம்கூடப் போட ஆரம்பித்துவிட்டார்.

கடைசியில் மாமா மெதுவாகக் குனிந்து, "மாப்ள, எப்ப ஆரம்பிப்பீக?" என்றார்.

"ஆரம்பிச்சுட்டேன் மாமா."

மாமா பக்கத்தில் இருந்தவரைப் பார்த்தார். அவர் தன் காதைக் குடைந்துகொண்டார்.

வில் முடியில் ரோஸின் என்ற பிசின் கட்டியைத் தேய்ப்போம். அந்த வெள்ளைத் தூள் தந்தியைப் பிடித்தால்தான் நாதம் வரும். அவசரமாக அதை எடுத்து அழுத்தித் தேய்த்தேன். மறுபடி இழுத்தபோது சத்தம் வந்தது. வராமலே இருந்திருக்கலாம். வாசலில் இருந்த வெள்ளாடு திடுக்கிட்டு எழுந்து, அதே சுருதியில் பதில் சொன்னது. கூடம் மொத்தமும் சிரித்தது.

வில்லை முகத்தருகே கொண்டுபோனேன். விளக்கெண்ணெய் வாடை!

"யாரு இதுல எண்ணெய் தடவுனது?" என்று கத்தினேன். அம்மா என் ஜிப்பாவைப் பிடித்து இழுத்தாள்.

கதவுக்குப் பின்னாலிருந்து பதில் வந்தது: "நாந்தான். வில்லப் பாக்கலாம்னு தொறந்தேன். முடியெல்லாம் காஞ்சுபோயி, ஒரே பொடுகாக் கெடந்துச்சு. நீங்கதான பெத்த பிள்ளை மாதிரிப் பாத்துக்கிறணும்னு சொன்னீக? அதான் தலைக்கு எண்ணெய் வச்சு விட்டேன்."

இந்தத் தடவை அம்மாவும் சேர்ந்து சிரித்தாள்.

கூட்டம் கலைந்தது. என்னிடம் இருந்தது அந்த ஒரு வில்தான். வெள்ளிக்கிழமைக்கு இன்னும் நாலே நாள். "கெளம்பும்மா, போவோம். இந்தச் சம்பந்தமே வேணாம்" என்று எழுந்தேன். அழுகை முட்டிக்கொண்டு வந்ததை யாரும் பார்க்கவில்லை என்றுதான் நினைத்தேன். பஞ்சவர்ணம் பார்த்துவிட்டாள்.

கையில் சீயக்காய்க் கிண்ணத்தோடு வெளியே வந்தாள். "எண்ணெய் வச்ச தலைக்கு இருக்கவே இருக்கு சீயக்கா. குடுங்க. அந்தக் குச்சியில தண்ணி படாமப் பாத்துக்கிறேன்."

வேறு வழியில்லாமல் கொடுத்தேன். அவள் கரைத்த சீயக்காயைத் துணியில் தொட்டு, முடியை மட்டும் நாலைந்து முறை துடைத்தாள். நல்ல தண்ணீரில் அலசினாள். வெயிலில் காய வைத்து, பேன் வாருகிற ஈர்க்கோலிச் சீப்பால் வாரிவிட்டாள். அவ்வளவு நேரமும் நான் கைக்குழந்தையை டாக்டரிடம் கொடுத்த தகப்பன் மாதிரி பக்கத்திலேயே நின்றேன்.

ஐந்து மணி வெயிலில் புதிதாகப் பிசின் தேய்த்து, பயந்து பயந்து ஒரு இழுப்பு இழுத்தேன். பேசியது! எனக்குப் போன உயிர் திரும்பி வந்தது. சபையில் மிஞ்சியிருந்தது என் அம்மா, பஞ்சவர்ணம், அவள் அம்மா, அந்த வெள்ளாடு. தலையைச் சிலுப்பவில்லை, கண்ணை மூடவில்லை. அரை மணி நேரம் கல்யாணி ராகம் வாசித்தேன். நோட்டீஸில் பெயர் வந்தவன் வாசிக்கிற மாதிரி இல்லாமல், பிடில் பிடிக்கும் என்பதால் வாசிக்கிறவன் மாதிரி அன்றைக்குத்தான் வாசித்தேன்.

முடித்ததும் பஞ்சவர்ணம் கேட்டாள்: "இம்புட்டு நல்லா வாசிப்பீகளா? மொதல்லயே இத வாசிச்சிருக்கலாம்ல?"

வெள்ளிக்கிழமைக் கச்சேரி நன்றாகவே நடந்தது. தை மாதம் எங்கள் கல்யாணமும் நடந்தது. ஆனால் பரவைக்காரர்கள் எதையும் மறக்கவில்லை. இன்றைக்கும் எங்கள் வீட்டில் யாராவது அடுப்பில் உலை வைக்காமலே "சமையல் ஆகுது" என்றால், மற்றவர்கள் கோரஸாக "ஆரம்பிச்சுட்டேன் மாமா" என்பார்கள்.

கல்யாணமாகி நாலைந்து வருஷம் கழித்து முதல்முறையாக ரேடியோவில் வாசித்தேன். பரவையில் ஒரு மளிகைக் கடையில் மட்டும் ரேடியோப் பெட்டி இருந்தது. மாமா ஊரையே கூட்டி வந்து அதன் முன்னால் உட்கார வைத்திருந்தார். என் பெயரைச் சொல்லி முடித்தார்களாம். அந்த நிமிஷம் பெட்டியின் பாட்டரி தீர்ந்துவிட்டது. ஒரு சத்தமும் இல்லை. எல்லாரும் எழுந்திருக்க, மாமா கையமர்த்தினாராம்.

"எங்க எந்திரிக்கிறீக? உக்காருங்கப்பா. மாப்ள வாசிச்சுக்கிட்டுத்தான் இருக்காரு."

ஊரே அரை மணி நேரம் அந்த ஊமைப் பெட்டியைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்து, கடைசியில் கை தட்டிவிட்டுப் போனதாம்.