பிலிம் சாரின் போர்வைத் திரை

தான் எடுத்த படத்தைத் தானே வெட்டித் தீர்த்த டைரக்டர் உலகத்திலேயே எங்கள் பிலிம் சார் ஒருவர்தான். காசிமேட்டு ஜனங்களின் அன்றாடத்தை முதன்முதலில் படமாக்கியவர் என்று பெரிய இடங்களில் அவரைப் புகழ்வார்களாம். ராயபுரத்தில் எங்கள் சந்துக்கு அவர் ஹீரோ இல்லாமல் படம் எடுக்கிற ஆசாமி.

ஒரு பெண் சங்கரா மீன் விற்றால், கூடை காலியாகிற வரை கேமராவை நகர்த்த மாட்டார். முதல் நாள் கூட்டம் கூடிக் காத்திருந்து அலுத்துப் போனது. மீன் விற்கும் ஸ்டெல்லா அக்கா கேட்டே விட்டார்.

"இன்னா சார், ஹீரோ எப்ப வருவாரு?"

"நீங்கதாம்மா."

"மூஞ்சிகூட கழுவல சார் நானு."

அவரிடம் ஒரு பிடிவாதம். எடுத்ததை முதலில் அதில் இருப்பவர்களுக்குக் காட்டுவார். அவர்கள் வேண்டாம் என்றால் வெட்டிவிடுவார். மாதா கோயில் பின்சுவரில் போர்வையைக் கட்டினால் சந்து முழுக்க சென்சார் போர்டு. ஒருத்திக்குப் புடவை வெளுத்திருக்கிறது, தூக்கு. இன்னொருத்திக்கு எதிர்வீட்டுக்காரி அதிக நேரம் வருகிறாள், குறை. மனுஷர் எல்லாவற்றுக்கும் தலையாட்டுவார்.

வெளிநாட்டு விழாவுக்குப் படம் போகும் சமயம் வந்தது சோதனை. கடலுக்குப் போன புருஷன் திரும்பாத அன்று ஸ்டெல்லா அக்கா அழுத காட்சி. படத்தின் உயிரே அதுதான். போர்வையில் அதைப் பார்த்த அக்கா மெதுவாகச் சொன்னார்.

"அது என் வூட்டு அழுவ சார். ஊருக்குக் காட்டாத."

அன்றே வெட்டிவிட்டார். பைத்தியமா சார் என்று நான் சண்டைக்குப் போனேன். அக்கா வேணாம்னுட்டாங்களேப்பா என்றதோடு சரி. படம் பரிசில்லாமல் திரும்பியது. நான்தான் புலம்பித் தீர்த்தேன். அவர் அக்காவிடம் வஞ்சிரம் பேரம் பேசிக்கொண்டிருந்தார்.

போன மாதம் சார் போய்விட்டார். சந்தில் கிடத்தியிருந்தபோது பக்கத்துத் தெரு ஆள் ஒருவர் போனைத் தூக்கிப் பிடித்தார். தலைமாட்டில் அழுதுகொண்டிருந்த ஸ்டெல்லா அக்கா நிமிர்ந்தார்.

"இன்னாத்துக்கு எடுத்துகினு கீற?"

ஸ்டேட்டஸ் வைக்க என்றார் அவர்.

"சாராண்ட காட்டிட்டியா? அவரு சரின்னாரா? இல்லேல்ல? அப்ப உள்ள வை."

போன் சட்டைப் பைக்குள் போனது.

எனக்கும் பயம் வந்துவிட்டது. சாரைப் பற்றி எழுதிய இதை அச்சுக்கு அனுப்புமுன் அக்காவிடம் படித்துக் காட்டினேன். புருஷனுக்காக அழுததைப் பற்றி ஒரு பத்தி எழுதியிருந்தேன். வெட்டச் சொன்னார், ஒரு வரியாக்கினேன். சாரின் தலைமாட்டில் அழுததையும் எடுத்துவிடட்டுமா என்றேன்.

"அது இருக்கட்டும் நைனா. ஊரே படிக்கட்டும்."