சும்மா கிடந்த சக்கர நாற்காலி

பூங்காக் காவலாளி ஜப்பார் சக்கர நாற்காலியோடு தெருவோரக் கால்வாய்க்குள் குப்புறக் கிடந்தார்.

“சரிவு கொஞ்சம் அதிகம் போல,” என்று முனகினான் தோலோன். நடக்க முடியாதவர்களும் டோக்மோக் நகரப் பூங்காவுக்குள் வர வேண்டும் என்று நகராட்சியிடம் மன்றாடி, அவன் வரைந்து கட்டிய சாய்தளம் அது. அதைச் சோதிக்கத்தான் ஜப்பாரை நாற்காலியில் உட்கார வைத்து உருட்டிவிட்டிருந்தான்.

“கொஞ்சமா? நீ உக்காந்து பாருடா!” ஜப்பாரின் மீசையில் தண்ணீர் சொட்டியது. “நாற்காலி ஒடைஞ்சா எதிர்வீட்டு அக்காவுக்கு என்ன பதில் சொல்வேன்? சும்மாதானே கெடக்குன்னு குடுத்தாங்க.”

கிணறு வெட்டப் பூதம் கிளம்பிய கதைதான். சரிவைக் குறைத்தால் சாய்தளம் நீண்டு கால்வாய்க்கு மேல் வந்தது. கால்வாயைக் கல்பலகையால் மூடினால், “அடடே, நல்ல இடம்!” என்று நகராட்சி அதிகாரி ஓரோஸ்பெக் தன் காரை அதன்மேல் நிறுத்தினார். காரைத் தடுக்க இரும்புத் தூண் நட்டால் நாற்காலி நடுவில் சிக்கியது. அதில் உட்கார்ந்திருந்த ஜப்பார் தோலோனின் வம்சத்தையே திட்டித் தீர்த்தார்.

தூண்களைத் தள்ளி நட்டதும் ஒருவழியாகச் சரியானது. ஆனால் யாருமே வரவில்லை. பூனைகூடப் படியில்தான் ஏறியது.

“நம்ம ஊர்ல அப்படி ஆளே கெடையாதுப்பா,” என்றார் ஓரோஸ்பெக். “தெருவுல எங்கயாவது பாத்திருக்கியா? ஞாயித்துக்கெழமைக்குள்ள ஒருத்தராவது வரணும். இல்லேன்னா இடிச்சிட்டு, கறி சுடுறவனுக்குக் கடை போடக் குடுத்துருவேன்.”

தோலோனுக்கு அழுகையே வந்துவிட்டது. அப்புறம்தான் புத்தியில் உறைத்தது.

“அண்ணே! நாற்காலி இருக்குன்னா, அதுல உக்கார ஆளும் இருக்கணுமே?”

“இருக்காங்களே, எதிர்வீட்டுக் குல்சூன் அக்கா.”

“மொதல்லயே சொல்றதுக்கென்ன?”

“நீ நாற்காலியத்தானே கேட்ட?”

இருவரும் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு எதிர்வீட்டுக்கு ஓடினார்கள். குறுகலான மாடிப்படி, ஏற ஏற மூச்சு வாங்கியது. பாதியில் ஜப்பார் உட்கார்ந்துவிட்டார். தோலோன் தனியாக முக்கி முனகிச் சுமந்து, கடைசி மாடிக் கதவைத் தட்டிவிட்டுத் திறந்தான். ஜன்னலோரக் கட்டிலில் குல்சூன் சாய்ந்திருந்தாள்.

“அக்கா, பூங்கா உங்களுக்காகத்தான் காத்துக்கிட்டிருக்கு. ஞாயித்துக்கெழமைக்குள்ள நீங்க கண்டிப்பா வரணும். இல்லேன்னா இடிச்சிருவாங்க!”

“இங்கேருந்து பாத்துக்கிட்டுதான் இருந்தேன். நல்லாக் கட்டியிருக்க,” என்றாள் அவள். அவன் வியர்வையைப் பார்த்துப் பரிவோடு சிரித்தாள்.

“அத ஏன் தம்பி மேல தூக்கிட்டு வந்த? லிஃப்ட் இல்லாத வீடு, கால் போனதுலேருந்து நான் கீழ எறங்கினதே இல்ல; நாற்காலியாவது போய்ப் பூங்காவப் பாக்கட்டுமேன்னுதான் குடுத்துவிட்டேன்.”