இராசாவின் பன்னாடைத் தாடி

ஒரு வேலையைத் திறமாகச் செய்துவிட்டு, அதற்காகவே வெட்கப்பட்டுத் தலைகுனிந்து நின்ற ஆள் உலகத்தில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். அரைகுறையாகச் செய்து மாட்டிக்கொண்டவர்கள் எத்தனையோ பேர் இருக்கிறார்கள். நான் மாட்டிக்கொண்டது கெட்டித்தனத்தால். (இதைச் சொன்னால் என் மனைவி "கெட்டித்தனமாம்!" என்று குசினிக்குள் இருந்தபடியே சிரிப்பாள். சிரிக்கட்டும். விஷயம் அவளுடைய தகப்பனாரின் முகத்தைப் பற்றியது.)

எழுபதுகளின் தொடக்கம். எனக்கு இருபத்துநாலு வயது. மன்னார்த் தீவின் கரையோரம் எங்கள் ஊர். அப்பா வள்ளம் திருத்துகிறவர், நான் அவருக்குக் கையாள். பலகை இடுக்குகளில் பனந்தும்பை உளியால் அடித்து இறுக்கி, அதன்மேல் குங்கிலியமும் தேங்காயெண்ணெயும் காய்ச்சிய பசையைப் பூசுவோம். எங்கள் கை பட்ட வள்ளத்துக்குள் ஒரு சொட்டுக் கடல் வராது என்று கரையெல்லாம் பேச்சு. அந்தப் பேச்சில் பாதியைப் பரப்பியவன் நான்தான்.

நாங்கள் திருத்திய வள்ளங்களில் நாலு, செபமாலைச் சம்மாட்டியாருடையவை. வள்ளமும் வலையும் சொந்தமாக வைத்திருப்பவரைத்தான் எங்கள் பக்கத்தில் சம்மாட்டி என்போம். இவரிடம் அவற்றோடு ஒரு மீசையும் இருந்தது. இரண்டு பக்கமும் முறுக்கி ஏறி, காதோடு ஏதோ இரகசியம் பேசப் போவதுபோல நிற்கும். சம்மாட்டியார் அதிகம் கதைக்க மாட்டார், மீசைதான் கதைக்கும். அதன் இடப்பக்க நுனி துடித்தால் வலை இழுக்கிறவர்கள் ஒருவர் மிச்சமில்லாமல் கடலுக்குள் இறங்கிவிடுவார்கள்.

அந்த மீசைக்குப் பின்னால் பிலோமினா என்று ஒரு மகள் இருந்தாள். கோயில் பாடகர் வரிசையில் நிற்பாள். இரண்டு வருடமாக நான் பூசை கண்டேனோ இல்லையோ, அவளைக் கண்டேன். கடைசியில் வீட்டில் விஷயத்தை உடைத்ததும் அவள்தான். "அப்பா, கட்டினால் சூசையைத்தான்" என்று ஒரே வரியில் சொல்லிவிட்டாள். (சுற்றிவளைத்துப் பேசுவது அவளுக்கு இன்றைக்கும் வராது.) சம்மாட்டியார் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. "நத்தார் முடியட்டும்" என்றாராம்.

நத்தார், அதாவது கிறிஸ்மஸ், முடிந்தது. மூன்று இராசாக்கள் திருநாள் வந்தது. அன்று பின்னேரம் கோயில் வளவில், பாலன் யேசுவைக் காண மூன்று இராசாக்கள் வந்த கதையை நாடகமாகப் போடுவது எங்கள் ஊர் வழக்கம். பொன் கொண்டுவருகிற இராசா வருடாவருடம் சம்மாட்டியார்தான். போன வருடம் அவர் பாலனுக்கு முன்னால் குனிந்தபோது, நூலில் கட்டிய பஞ்சுத் தாடி அவிழ்ந்து தொட்டிலுக்குள் விழுந்துவிட்டது. மாதாவாக இருந்த பிள்ளை கையோடு அதை எடுத்துப் பாலனுக்குப் போர்த்திவிட்டாள். சனம் சிரித்த சிரிப்பில் பங்குச் சுவாமியாருக்கே கண்ணீர் வந்தது. அந்த வருடம் முழுக்கச் சின்னதுகள் அவருக்கு வைத்த பெயர் 'தாடி விழுந்த இராசா'.

ஆகவே இந்த முறை அவர் என்னைக் கூப்பிட்டார்.

"நீ வள்ளத்து ஓட்டை அடைக்கிறனீதானே?"

"ஓம் சம்மாட்டியார்."

"எனக்கு ஒரு தாடி செய்து தா. விழக்கூடாது."

"விழாது."

"விழுந்தால் என்ர வாசல் பக்கம் உன்னைக் காணக்கூடாது. விழாட்டி மற்றக் கதையைக் கதைப்பம்."

மற்றக் கதை என்றால் பிலோமினா. என் கலியாணம் அவருடைய நாடியில் தொங்கத் தொடங்கியது அந்த நிமிடத்தில்தான்.

கடைகளில் ஒன்றும் கிடைக்காத காலம். ஆனால் தீவில் பனை இருக்கிறதே! கள் இறக்குகிற யாக்கோப்பு அண்ணரிடம் போய்ப் பன்னாடை கேட்டேன். வடலிப் பனையில் மட்டையின் அடியைச் சுற்றி, பின்னிய துணிபோலப் பழுப்பாக இருக்குமே, அது. அண்ணர் போன பருவத்தில் கருப்பணி என்கிற பதநீர் வடித்துப் பழகிய பன்னாடை ஒன்றைத் தந்தார். பாவித்துப் பாவித்து மெத்தென்று இருந்தது, இலேசான இனிப்பு வாசமும் வந்தது. அதை முகத்தின் அளவுக்கு வெட்டி, கீழே நெஞ்சுவரை முக்கோணமாக விட்டேன். பிறகு மட்டையைத் தட்டிப் பிரித்த தும்பை ஆணிப்பலகையில் வாரி, விளக்குக்கரி பூசி, இழை இழையாக அதில் கோத்தேன். செய்து முடித்த தாடியைப் பார்த்தபோது எனக்கே அதன்மேல் ஆசை வந்தது. ஏரோது இராசாவுக்குக்கூட அப்படியொரு தாடி இருந்திருக்காது.

இனி ஒட்ட வேண்டும். நூலை நம்ப முடியாது. கோதுமை மாப்பசை வேர்வையில் இளகிவிடும். எது இளகாது? எது கழராது? எது கடலையே மறிக்கும்? (இந்த இடத்தில் யாராவது என் பிடரியில் ஒன்று போட்டிருக்க வேண்டும். அப்பா அன்றைக்கென்று பார்த்து மன்னார் ரவுனுக்குப் போயிருந்தார்.)

நாடகத்தன்று பின்னேரம், கோயில் வளவு அறையில், குங்கிலியப் பசையைக் கைபொறுக்கும் சூட்டுக்கு ஆறவைத்து, வள்ளத்துக்குப் பூசுகிற அதே தூரிகையால் சம்மாட்டியாரின் கன்னத்திலும் நாடியிலும் இழுத்தேன். மீசையை மழிக்கச் சொல்ல எனக்கு என்ன, இரண்டு உயிரா? அதன்மேலும் ஒரு பூச்சுப் பூசி, தாடியை வைத்து அமத்தினேன்.

"சுடுதடா."

"கொஞ்சம் பொறுங்கோ சம்மாட்டியார். பிடிச்சிடும்."

பிடித்தது. தலையை ஆட்டினார், குனிந்தார், துள்ளியும் பார்த்தார். தாடி அசையவில்லை. கண்ணாடியில் பார்த்துத் தடவிக்கொண்டார். முகத்தில் ஒரு மலர்ச்சி. மாமனார் என்று கூப்பிடலாமோ என்று நான் வாயைத் திறக்கப்போன நேரம் அவர் கேட்டார்:

"நல்லாக் கிடக்கு. என்னடா இது?"

நான் பெருமையாகச் சொன்னேன்:

"பன்னாடை."

எங்கள் ஊரில் இந்தச் சொல்லுக்குப் பனையில் ஒரு கருத்து, மனிதனுக்குச் சொன்னால் வேறு கருத்து. நல்லதை ஓடவிட்டுக் கசடைப் பிடித்து வைத்திருக்கிற மண்டைக்காரனைத்தான் பன்னாடை என்று ஏசுவோம். சம்மாட்டியாரை அவருடைய ஆயுளில் ஒருவரும் அப்படிச் சொன்னதில்லை. மீசை துடித்திருக்கும், ஆனால் பசைக்குள் அது எப்படித் துடிக்கும்?

"என்னடா சொன்னனீ?"

"ஐயோ, உங்களைச் சொல்லேல்லை! தாடியைச் சொன்னனான். தாடிதான் பன்னாடை... நீங்கள் வேற, பன்னாடை வேற..."

வெளியே மத்தளம் அடித்தது. என்னைக் காப்பாற்றியது அந்த மத்தளம்தான்.

மேடையில் மாட்டுத்தொழுவம். அதில் உண்மையான கழுதை ஒன்று கட்டியிருந்தார்கள். மன்னாரில் கழுதைக்குப் பஞ்சமா? காலையில் றோட்டில் மேய்ந்துகொண்டிருந்ததைப் பின்னேரம் பெத்லகேமுக்குக் கொண்டுவந்திருந்தார்கள், அதற்கு ஒத்திகை ஒன்றும் கிடையாது. பொன் இராசா கம்பீரமாக நடந்து வந்து, பாலனுக்கு முன்னால் முழந்தாளில் நின்று குனிந்தார். தாடி நுனி கழுதையின் மூக்கில் பட்டது. கருப்பணி வாசம். கழுதை ஒருதரம் நக்கியது. பிறகு கௌவியது.

பிறகு இழுத்தது.

இராசா முழந்தாளிலேயே இரண்டு முழம் போனார். சூசையப்பர் வேடக்காரர் கழுதையின் காதைப் பிடித்தார். இடையர் இருவர் வாலைப் பிடித்தார்கள். மூன்றாவது இராசா வெள்ளைப்போளப் பாத்திரத்தால் அதன் முதுகில் போட்டார். சம்மாட்டியாரின் கன்னம் இரண்டும் தாடியோடு சேர்ந்து இழுபட்டுப் போகின்றன, கண்கள் ஒரு பக்கம் போகின்றன, தாடி மட்டும் ஒட்டிய இடத்தை விடவில்லை. சனம் எழும்பி நின்று கைதட்டியது. திரைக்குப் பின்னால் ஒரு மடையன் "விழேல்லை! விழேல்லை!" என்று துள்ளிக் குதித்துக்கொண்டிருந்தான். அந்த மடையன் யார் என்று சொல்லத் தேவையில்லை. கடைசியில் கழுதைதான் களைத்து விட்டுவிட்டது.

நாடகம் முடிந்து சம்மாட்டியாரின் வீட்டு முற்றத்தில் தாடியைக் கழற்றத் தொடங்கினோம். தண்ணீர் ஊற்றினோம். தண்ணீருக்கு அசையாமல் இருக்கவென்றே காய்ச்சிய பசை அது என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. வெந்நீர், சவர்க்காரம், தேசிக்காய் எல்லாம் பார்த்தாயிற்று. தாடி இன்னும் பளபளப்பாக வந்ததே ஒழியக் கழரவில்லை. அந்த நேரம் அப்பா வந்தார். சம்மாட்டியாரின் முகத்துக்குக் கிட்டப் போய் முகர்ந்து பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார். அந்தப் பார்வையை நான் சாகும்வரை மறக்க மாட்டேன்.

"வள்ளத்தில இருந்து உந்தப் பசையை எப்பிடிக் கழட்டுறனீங்கள்?" என்று சம்மாட்டியார் தாடிக்குள் இருந்து கேட்டார்.

அப்பாவுக்குப் பொய் சொல்லத் தெரியாது. "ஓலைச் சூள் கொளுத்திப் பிடிச்சால் இளகும்" என்றார். கொஞ்சம் யோசித்து, "இல்லாட்டி உளி" என்றார்.

சம்மாட்டியார் இரண்டு கையாலும் முகத்தைப் பொத்திக்கொண்டார்.

பிலோமினாவின் தாய் மதலேனா மாமி தேங்காயெண்ணெய் போட்டு ஊறவைத்தா. விடியும்போது கன்னப் பக்கம் இளகிவிட்டது. ஆனால் மீசையும் பன்னாடையும் ஒன்றுக்குள் ஒன்று பின்னி ஒரே சாமான் ஆகிவிட்டன. உள்ளூரில் சிரைத்தால் ஊர் முழுக்கத் தெரிந்துவிடும் என்று, மன்னார் ரவுனில் உப்புக்குளத்துச் சலூனுக்குப் போவதாக முடிவு. முகத்தில் துவாய் சுற்றி முதல் பஸ்ஸில் ஏறினார். "நீயும் வா" என்றார் என்னை. பக்கத்தில் உட்கார்ந்தேன். காற்றுக்குத் துவாய் விலக, முன் இருக்கையில் இருந்த சின்னப் பெட்டை எழும்பி நின்று கத்தினாள்: "அம்மா, இஞ்ச பாருங்கோ, இராசா பஸ்ஸில போறார்!"

சலூன்காரர் அந்த முகத்தை மூன்று பக்கமும் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு மரியாதையாகக் கேட்டார்:

"ஐயா, இதில எது சொந்தம், எது இரவல்?"

"எல்லாத்தையும் எடும்" என்றார் சம்மாட்டியார்.

மீசை விழுந்தது. கதிரையில் இருந்து எழும்பிய ஆளை எனக்குத் தெரியாது. மேல் சொண்டு இலேசாக மேலே வளைந்து, எப்போதும் சிரிக்கிற மாதிரி இருந்தது. இத்தனை வருடம் ஊரை அதட்டியது இந்தச் சிரிப்பு முகமா? அவர் கண்ணாடியைப் பார்க்காமல் வெளியே நடந்தார். எனக்கு வெட்கத்தைவிடக் கவலைதான் பெரிதாக இருந்தது. திரும்பும் வழி முழுக்க, அவருக்குத் தெரியாமல், யன்னல் பக்கம் திரும்பி அழுதேன். பிலோமினா போய்விட்டாள் என்றே நினைத்தேன்.

வாசலில் மதலேனா மாமி அவரைக் கண்டு இடுப்பில் கைவைத்துக்கொண்டு நின்றா.

"மாதாவே! இருபத்தாறு வருசத்துக்குப் பிறகு இந்த மனுசன்ர சொண்டைக் கண்டிட்டன்!" என்றா. சொல்லிவிட்டு வெட்கப்பட்டா. பிறகு "வடிவாத்தான் கிடக்கு" என்றா.

சம்மாட்டியாருக்கு அது கேட்கவில்லை. அவர் என் பக்கம் திரும்பினார். "நீ போ. இனி இந்த வாசல் பக்கம்—"

"அப்பா," என்று பிலோமினா குறுக்கே வந்தாள். "தாடி விழுந்ததோ?"

"என்ன?"

"கேட்டதுக்குச் சொல்லுங்கோ. தாடி விழுந்ததோ, விழேல்லையோ?"

"...விழேல்லை."

"கழுதை இழுத்தும் விழேல்லை. தண்ணி ஊத்தியும் விழேல்லை. விழாட்டி என்ன செய்வம் எண்டு சொன்னனீங்கள்?"

சம்மாட்டியார் வழக்கம்போல மீசையை முறுக்கக் கையைக் கொண்டுபோனார். கை வெறும் சொண்டில் தடவித் தடவித் தேடியது. அதைப் பார்த்து மாமி சிரித்தா, பிலோமினா சிரித்தாள். அவர் முகம் சும்மாவே சிரிக்கிற முகம், அதை வைத்துக்கொண்டு எவ்வளவு நேரம் கோபிப்பது? அவரும் சிரித்துவிட்டார்.

"டேய் பன்னாடை," என்றார். "நாளைக்குக் கொப்பரை வரச்சொல்லு." கொப்பர் என்றால் என் அப்பா. கலியாணம் பேசத்தான்.

தவக்காலம் தொடங்குமுன் கலியாணம் முடிந்தது. மாமி அவசரப்படுத்திவிட்டா. மீசை அதற்குள் ஒரு நெத்தலி அளவுக்குக்கூட வளரவில்லை. எங்கள் கலியாணப் படத்தில் என் மாமனார் கைலேஞ்சியால் வாயை மூடிக்கொண்டு நிற்பார். பார்க்கிறவர்கள் மகளைப் பிரிகிற துக்கம் என்று நினைத்து உச்சுக்கொட்டுவார்கள். அவள் போனது நாலு வீடு தள்ளி.

அதற்குப் பிறகு அவர் என்னைச் சூசை என்று கூப்பிட்டதே இல்லை. எங்கள் பிள்ளைகள் பள்ளிக்கூடம் போகும்வரை தங்கள் அப்பாவின் பெயர் பன்னாடை என்றுதான் நினைத்திருந்தார்கள். வீட்டில் ஏதாவது உடைந்தால் இன்றைக்கும் ஒருவரும் என்னை ஒட்ட விடமாட்டார்கள்.

எங்கள் இருபத்தைந்தாவது கலியாண நாளில் சொந்தம் எல்லாம் கூடியிருந்தது. மாமனாரை நாலு வார்த்தை பேசச் சொன்னார்கள். மீசை பழையபடி முறுக்கி நின்றது, வெள்ளையாக. சாப்பாட்டுக் கோப்பையோடு இருந்த என்னை ஒருதரம் பார்த்தார். இடப்பக்க நுனி துடித்தது.

"அண்டைக்கு எனக்கு ரெண்டு சாமான் ஒட்டினது" என்றார். "ஒண்டை உப்புக்குளத்தில சிரைச்சு எடுத்தாச்சு. மற்றது அந்தா, கோழிக்கறி தின்னுது."